நாட்பட்ட சிறுநீரக நோயில் அபினிவகை வலிநீக்கிகள்

நாட்பட்ட சிறுநீரக நோயில் அபினிவகை வலிநீக்கிகள் என்னும் இக்கட்டுரை, சிறுநீரகச் செயல்பாடு நிலையாகக் குறைந்தவர்களின் கடும் வலிக்கு மார்ஃபின், ஃபென்டனில், புப்ரெனார்ஃபின் முதலிய மருந்துகளை எவ்வாறு தீங்கின்றிப் பயன்படுத்தலாம் என்பதை விளக்குகிறது. இம்மருந்துகளுள் சில, உடலில் சிதைந்தபின் சிறுநீர் வழியாகவே வெளியேறுகின்றன. சிறுநீரகம் பழுதுற்றவரின் உடலில் அவை தேங்கி மயக்கத்தையும் மூச்சுத் தளர்ச்சியையும் உண்டாக்கும். வேறு சில மருந்துகளைக் கல்லீரல் மாற்றியமைத்து, செயலற்ற பொருள்களாகவோ பித்தநீர் வழியாகவோ வெளியேற்றுகிறது. ஆகவே சிறுநீரக நோயாளிக்கு அபினிவகை மருந்தே ஆகாது என்பது சரியன்று. எந்த மருந்து, எந்த அளவு, எந்த இடைவெளி என்பவையே கேள்விகள். பெருமருத்துவமனைகளிலிருந்து தொலைவில் உள்ள இடங்களில் இக்கேள்விகள் எவ்வாறு மாறுகின்றன என்பதற்குக் கள்ளக்குறிச்சி மாவட்டமும் அதன் மேற்கே உள்ள கல்வராயன் மலையும் இங்கு எடுத்துக்காட்டாகக் கொள்ளப்பட்டுள்ளன.

இக்கட்டுரை பொது அறிவுக்கானது. மருந்தையும் அளவையும் மருத்துவரே முடிவு செய்ய வேண்டும்.

சிறுநீரக நோயும் வலியும்

சிறுநீரகங்களின் வடிகட்டும் வீதம் நிமிடத்திற்கு 60 மில்லிலிட்டருக்குக் கீழ் மூன்று மாதங்களுக்கு மேல் நீடித்தாலோ, சிறுநீரில் புரதம் கசிதல் போன்ற பாதிப்பின் அறிகுறிகள் அதே காலத்திற்குத் தொடர்ந்தாலோ அது நாட்பட்ட சிறுநீரக நோய் எனப்படுகிறது. இந்நோய் ஐந்து நிலைகளாகப் பகுக்கப்படுகிறது. நான்காம் நிலையில் வீதம் 15 முதல் 29 வரை இருக்கும். ஐந்தாம் நிலையில் 15க்கும் குறையும். வலிநீக்கிகளின் தெரிவு பெரிதும் மாறுவது இவ்விரு நிலைகளில்தான்.

சிறுநீரக நோய் வலியற்றது என்னும் எண்ணம் பொதுமக்களிடம் உண்டு. தொடக்க நிலைகளுக்கு அது பொருந்தலாம். முற்றிய நிலையிலோ, குருதிச் சுத்திகரிப்பு (டயாலிசிஸ்) செய்துகொள்வோரை ஆராய்ந்த பல ஆய்வுகளில் ஏறத்தாழப் பாதிப் பேரோ அதற்கு மேலோ நீடித்த வலியைக் கூறியுள்ளனர். கால்சியம், பாசுபரசு சமநிலை குலைவதால் எலும்பு வலியும், நீரிழிவால் நரம்பு பாதிக்கப்படுவதால் கால் எரிச்சலும் தோன்றுகின்றன. டயாலிசிசின்போது தசைப்பிடிப்பு வருகிறது. ஒவ்வொரு முறையும் கையில் தடித்த ஊசிகள் குத்தப்படுகின்றன. அரிதாகத் தோலின் சிறு குருதிக்குழாய்களில் சுண்ணாம்பு படிந்து புண்ணாகும் கால்சிஃபைலாக்சிசு என்னும் நிலை, மருத்துவம் அறிந்த கொடிய வலிகளுள் ஒன்றாகும்.

வழக்கமான மாத்திரைகள் ஏன் பொருந்துவதில்லை

தமிழ்நாட்டில் உடல்வலி என்றால் முதலில் நினைவுக்கு வருவது டைக்ளோஃபெனாக் அல்லது ஐபுப்ரோஃபென் ஆகும். கரும்பு வெட்டுவோரும் நாற்று நடுவோரும் நாள் முழுதும் குனிந்து உழைத்தபின் மருந்துக்கடையில் சீட்டின்றி இவற்றை வாங்குவதும், 'வலி ஊசி' போட்டுக்கொள்வதும் வழக்கமாக உள்ளன. இம்மருந்துகள் புரோசுடாகிளாண்டின் என்னும் பொருள் உருவாவதைத் தடுக்கின்றன. வலியையும் வீக்கத்தையும் தூண்டும் இதே பொருள்தான், குருதியோட்டம் குறையும் வேளைகளில் சிறுநீரகத்திற்குள் செல்லும் நுண்குழாய்களை விரித்துவைத்து அவ்வுறுப்பைக் காக்கிறது. வெயிலில் வியர்த்து உடல்நீர் வற்றியவருக்கு இக்காப்பு மிகவும் தேவைப்படும் நேரத்தில் மாத்திரை அதனை நீக்கிவிடுகிறது.

பாராசிட்டமால் சிறுநீரக நோயில் முதல் தெரிவாகும். உரிய அளவில் அது சிறுநீரகத்தைப் பாதிப்பதில்லை. நரம்பு வலிக்குத் தரப்படும் காபாபென்டின், பிரிகாபலின் ஆகிய இரண்டும் ஏறத்தாழ முழுமையாகச் சிறுநீர் வழியே வெளியேறுபவை. அவற்றின் அளவை வெகுவாகக் குறைக்க வேண்டும். இவற்றை அபினிவகை மருந்துடன் சேர்த்துத் தரும்போது மூச்சுத் தளர்ச்சி ஏற்படலாம் என 2019இல் அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிருவாகம் எச்சரித்தது.

உலக நலவாழ்வு அமைப்பு 1986இல் புற்றுநோய் வலிக்காக வகுத்த மூன்று படிநிலைகள் பிற நோய்களின் வலிக்கும் பின்பற்றப்பட்டு வந்துள்ளன. முதற்படியில் பாராசிட்டமாலும் டைக்ளோஃபெனாக் போன்றவையும், இரண்டாம் படியில் கோடீன் போன்ற மென்மையான அபினிவகையும், மூன்றாம் படியில் மார்ஃபினும் வைக்கப்பட்டன. சிறுநீரகம் பழுதுற்றவருக்கு இந்த ஏணியின் மூன்று படிகளிலும் பழுது உண்டு. இதனாலேயே பல நோயாளிகளுக்கு வலிக்கு எதுவுமே தரப்படாமல் போகிறது.

மார்ஃபினின் சிக்கல்

அபினி என்பது கசகசாச் செடியின் முதிராத காயைக் கீறும்போது வடியும் பாலின் உலர்ந்த வடிவமாகும். சமையலில் அரைக்கும் கசகசாவும் அச்செடியின் விதைதான். ஆயினும் மருந்துப்பொருள் காயின் பாலில் உள்ளதே தவிர விதையில் மிகச் சிறிதே உள்ளது. செருமானிய மருந்தாளர் பிரீடரிக் செர்ட்டூர்னர் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அபினியிலிருந்து மார்ஃபினைப் பிரித்தெடுத்தார்.

மார்ஃபினைக் கல்லீரல் குளூக்குரோனிக் காடியுடன் இணைத்து இரண்டு சிதைபொருள்களாக மாற்றுகிறது. பெரும்பங்கு மார்ஃபின்-3-குளூக்குரோனைடு ஆகும். இது வலியைக் குறைப்பதில்லை. மாறாக நரம்புகளைக் கிளர்த்தித் தசைத் துடிப்பையும் மனக்குழப்பத்தையும் உண்டாக்குவதாகக் கருதப்படுகிறது. சிறுபங்கான மார்ஃபின்-6-குளூக்குரோனைடு வலியை நீக்கவல்லது. மூச்சை மந்தப்படுத்தவும் வல்லது. இரண்டும் சிறுநீரில் வெளியேறுபவை. நலமுள்ளவரிடம் சில மணி நேரமாக உள்ள இரண்டாவதன் அரைவாழ்வுக் காலம், சிறுநீரகம் செயலிழந்தவரிடம் இரண்டு நாள் அளவுக்கும் நீளக்கூடும். சிறுநீரகம் செயலிழந்தவர்களிடம் மார்ஃபின் நச்சுத்தன்மை ஏற்படுவதில் இச்சிதைபொருளுக்கு உள்ள பங்கினை 1986இல் பிரித்தானிய மருத்துவ இதழில் வெளியான ஓர் ஆய்வு எடுத்துக்காட்டியது.

இதன் விளைவு வஞ்சகமானது. முதல் நாள் மருந்து நன்றாக வேலை செய்யும். நோயாளி பல நாள்களுக்குப் பின் அயர்ந்து உறங்குவார். குடும்பத்தாரும் நிம்மதி அடைவர். நான்கு மணி நேரத்திற்கு ஒருமுறை என்னும் வழக்கமான கணக்கில் மருந்து தொடரும்போது முந்தைய வேளைகளின் சிதைபொருள் வெளியேறாமல் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்கிறது. இரண்டாம் அல்லது மூன்றாம் நாள் உறக்கம் எழுப்ப முடியாத மயக்கமாக மாறலாம். ஒரே அளவு மருந்துதானே தரப்படுகிறது என்பதால் காரணம் மருந்து என்று எவருக்கும் தோன்றுவதில்லை. நீண்டநேரம் மெதுவாகக் கரையும் மார்ஃபின் மாத்திரைகள் இந்நோயில் முற்றிலும் தவிர்க்கப்படுவதும் இதனால்தான்.

பிற மருந்துகள்

கோடீனின் ஒரு பகுதி உடலில் மார்ஃபினாகவே மாறுவதால் அதே சிக்கல் உண்டு. மென்மையான மருந்து என்னும் பெயர் இங்கு ஏமாற்றக்கூடியது. பெதிடின் உடலில் நார்பெதிடினாக மாறுகிறது. அது தேங்கினால் வலிப்பு வரும். எனவே பெதிடின் இந்நோயில் விலக்கப்பட்டது. டிரமடாலும் அதன் சிதைபொருள்களும் பெரும்பாலும் சிறுநீரிலேயே செல்கின்றன. வடிகட்டும் வீதம் 30க்குக் கீழ் உள்ளோருக்கு 12 மணி நேர இடைவெளியில், நாளொன்றுக்கு 200 மில்லிகிராமுக்கு மிகாமல் என்பது உற்பத்தியாளர்களின் வரம்பு. டயாலிசிசில் உள்ளோருக்குப் பல வல்லுநர்கள் இதனினும் குறைவாகவே தருகின்றனர். வலிப்பு நோய் உள்ளவருக்கும் சில மனச்சோர்வு மருந்துகளை உட்கொள்பவருக்கும் டிரமடால் ஏற்றதன்று.

மெதடோன் சிறுநீரகத்தைப் பெரிதும் சார்ந்திராதது. ஆனால் உடலில் தங்கும் காலம் ஆளுக்கு ஆள் மாறுபடும். இதயத்துடிப்பின் சீரையும் குலைக்கலாம். அதில் பழக்கமுள்ள மருத்துவரின் கையில் மட்டுமே இருக்கவேண்டிய மருந்து அது.

ஃபென்டனிலும் புப்ரெனார்ஃபினும்

இவ்விரண்டும் சிறுநீரகம் முற்றிலும் செயலிழந்தவருக்கும் பரிந்துரைக்கப்படுபவை. பெல்சியத்தின் பவுல் யான்சன் உருவாக்கிய ஃபென்டனிலைக் கல்லீரல் செயலற்ற நார்ஃபென்டனிலாக மாற்றிவிடுகிறது. மாறாமல் சிறுநீரில் செல்வது பத்தில் ஒரு பங்குக்கும் குறைவு. புப்ரெனார்ஃபின் பெரும்பாலும் பித்தநீர் வழியாக மலத்தில் வெளியேறுகிறது. இரண்டும் தோலில் ஒட்டும் பட்டைகளாகக் கிடைக்கின்றன. ஃபென்டனில் பட்டை மூன்று நாளுக்கு ஒருமுறையும், குறைந்த அளவுப் புப்ரெனார்ஃபின் பட்டை ஏழு நாளுக்கு ஒருமுறையும் மாற்றப்படுகின்றன.

பட்டை பார்வைக்கு எளிய பொருள்; பிளாஸ்திரி போன்றது. அதனாலேயே அதனை இலேசாக எண்ணிவிடுகின்றனர். மணிக்கு 25 மைக்ரோகிராம் வெளியிடும் ஃபென்டனில் பட்டை, நாளொன்றுக்கு வாய்வழியே ஏறத்தாழ 60 மில்லிகிராம் மார்ஃபின் உட்கொள்வதற்கு ஈடானது. அபினிவகை மருந்துக்குப் பழகாத ஒருவருக்கு அதை எடுத்த எடுப்பில் ஒட்டினால் உயிருக்கே ஆபத்தாகும். மணிக்கு 5 மைக்ரோகிராம் வெளியிடும் புப்ரெனார்ஃபின் பட்டையோ ஏறத்தாழ 12 மில்லிகிராம் மார்ஃபினுக்கே ஈடாவதால், புதிதாகத் தொடங்குபவருக்கு அதுவே பெரும்பாலும் ஏற்றது. பட்டையின் பயன் தெரிய அரை நாளுக்கு மேல் ஆகும். எடுத்தபின்னும் மருந்து தோலடியிலிருந்து பல மணி நேரம் குருதியில் கலந்துகொண்டிருக்கும். ஏறி இறங்கும் வலிக்கும் திடீர் வலிக்கும் ஆகவே அது பயன்படாது.

வெப்பம் பட்டையிலிருந்து மருந்து வெளியேறுவதை விரைவுபடுத்துகிறது. காய்ச்சல், வெந்நீர் ஒத்தடம், நெடுநேர வெயில், நெருப்பருகே குளிர்காய்தல் ஆகிய எல்லாவற்றிற்கும் இது பொருந்தும். பட்டையைக் கத்தரித்துப் பாதியாக்குதல் கூடாது. கழற்றிய பட்டையில் கணிசமான மருந்து எஞ்சியிருக்கும். அதனை ஒட்டும் பக்கம் உள்ளே இருக்குமாறு மடித்து, குழந்தைகளின் கைக்கு எட்டாதவாறு அப்புறப்படுத்த வேண்டும்.

டயாலிசிசும் மருந்தும்

ஒரு பொருளை டயாலிசிஸ் கருவி குருதியிலிருந்து நீக்குமா என்பது அப்பொருளின் மூலக்கூற்று அளவு, நீரில் கரையும் தன்மை, குருதிப் புரதங்களுடனும் உடல் திசுக்களுடனும் பிணையும் அளவு ஆகியவற்றைச் சார்ந்தது. 2024 சூன் மாதம் கள்ளக்குறிச்சி நகரின் கருணாபுரம் பகுதியில் மெத்தனால் கலந்த கள்ளச்சாராயம் அருந்தி அறுபதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். மெத்தனால் மிகச் சிறிய மூலக்கூறு, நீரில் முழுதும் கரைவது, புரதத்துடன் பிணையாதது. எனவே அந்நச்சேறியோருக்கு டயாலிசிஸ் முதன்மையான சிகிச்சைகளுள் ஒன்றாகும். ஃபென்டனிலின் இயல்பு இதற்கு நேர்மாறானது. அது கொழுப்பில் கரைந்து திசுக்களில் பரவி நிற்பதால் கருவியால் வெளியேற்றப்படுவதில்லை. புப்ரெனார்ஃபினும் அவ்வாறே. டயாலிசிஸ் நாளிலும் வலிநிவாரணம் குறையாதிருப்பது இதன் நன்மை. அளவு மிஞ்சினால் கருவி கைகொடுக்காது என்பது இதன் மறுபக்கம்.

மார்ஃபினும் அதன் சிதைபொருள்களும் இவ்விரண்டுக்கும் இடைப்பட்டவை. டயாலிசிசில் ஓரளவு நீங்குகின்றன. ஆனால் மூளைத் திசுவில் புகுந்த பகுதி மெதுவாகவே திரும்பி வருகிறது. ஆகையால் டயாலிசிஸ் முடிந்தவுடன் வலி மீளுதலும், அதற்காக மீண்டும் மருந்து தரப்பட்டபின் மயக்கம் கூடுதலும் நிகழ்கின்றன.

எச்சரிக்கைக் குறிகள்

அளவு மிஞ்சுவதன் முதற்குறி, மூச்சுக் குறைவுக்கு முன்னரே வரும் மிகையான உறக்கமாகும். பேசிக்கொண்டிருக்கும்போதே கண் செருகுதல், கைகால் திடீரெனத் துடித்தல், இல்லாததைக் காணுதல், கண்மணி ஊசிமுனை அளவு சுருங்குதல் ஆகியவை தோன்றினால் அடுத்த வேளை மருந்தை நிறுத்தி உடனே மருத்துவரை அணுக வேண்டும். மூச்சு நிமிடத்திற்கு எட்டுக்கும் குறைந்தால் அது அவசர நிலையாகும். யூரியா மிகுவதாலும் உறக்கமும் தசைத் துடிப்பும் வரக்கூடும் என்பதால், நோய் முற்றுகிறது எனத் தவறாகக் கருதப்படும் வாய்ப்பு உண்டு.

மாற்றுமருந்தான நலாக்சோன் சில நிமிடங்களில் விழிக்கச் செய்யும். அதன் அரைவாழ்வுக் காலம் ஏறத்தாழ ஒரு மணி நேரமே. தேங்கிய மார்ஃபின் சிதைபொருளோ நாள்கணக்கில் நிற்கும். ஆகவே விழித்தெழுந்த சிறுநீரக நோயாளியை வீட்டுக்கு அனுப்பாமல், நலாக்சோனைத் தொடர்ந்து செலுத்தியவாறு கண்காணிக்க வேண்டும். மதுவும் உறக்க மாத்திரைகளும் எந்த அபினிவகை மருந்துடனும் சேரக்கூடாதவை.

மலச்சிக்கல் அநேகமாக எல்லோருக்கும் வரும், தானாகத் தீராது. மருந்து தொடங்கும் நாளிலேயே லாக்டுலோசு, பிசகோடில் போன்றவற்றையும் தொடங்குதல் நல்லது. மக்னீசியம், பாசுபேட்டு அடங்கிய பேதி மருந்துகள் இந்நோயில் ஆகா. வீட்டு வைத்தியமாகக் கூறப்படும் வாழைப்பழமும் இளநீரும் பொட்டாசியம் மிகுந்தவை. சிறுநீரகம் செயலிழந்தவருக்கு அவை இதயத்துடிப்பையே பாதிக்கலாம்.

சட்டமும் கிடைக்கும் நிலையும்

இந்தியா அபினியைச் சட்டப்படி விளைவிக்கும் நாடுகளுள் ஒன்று. மத்தியப் பிரதேசம், இராசத்தான், உத்தரப் பிரதேசம் ஆகிய மாநிலங்களில் உரிமம் பெற்றோர் பயிரிடுகின்றனர். நீமச்சிலும் காசிப்பூரிலும் அரசு ஆலைகள் உள்ளன. ஆயினும் 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள்கள் மற்றும் உளவெறியூட்டும் பொருள்கள் சட்டத்திற்குப்பின், பல்வேறு உரிமங்களைப் பெற வேண்டியிருந்ததாலும் தண்டனை குறித்த அச்சத்தாலும் பெரும்பாலான மருத்துவமனைகள் மார்ஃபினை வைப்பதையே விட்டுவிட்டன. மருத்துவர் எம். ஆர். இராசகோபால் 2003இல் திருவனந்தபுரத்தில் நிறுவிய பாலியம் இந்தியா உள்ளிட்ட அமைப்புகளின் நெடிய முயற்சிக்குப்பின் 2014இல் அச்சட்டம் திருத்தப்பட்டது. மார்ஃபின், ஃபென்டனில், மெதடோன், கோடீன், ஆக்சிகோடோன், ஐதரோகோடோன் ஆகிய ஆறும் இன்றியமையாப் போதை மருந்துகள் என 2015இல் அறிவிக்கப்பட்டன. மாநில மருந்துக் கட்டுப்பாட்டு அதிகாரியின் அங்கீகாரம் பெற்ற மருத்துவ நிறுவனங்கள் தனித்தனி உரிமங்கள் இன்றி இவற்றை வாங்கலாம். டிரமடால் 2018இல் இச்சட்டத்தின் கீழ்க் கொண்டுவரப்பட்டது.

திருத்தம் பெரும்பயன் தந்தது எனினும் சிறுநீரக நோயாளிக்கு ஓர் இடர்ப்பாடு எஞ்சியுள்ளது. புற்றுநோயை முன்னிறுத்தி வளர்ந்த நோய் ஆதரவுச் சிகிச்சையின் அடிப்படை மருந்து மார்ஃபின் மாத்திரை. அது மலிவானது. சிறுநீரக நோய்க்குப் பொருந்தும் ஒட்டுப்பட்டைகளோ அதனைவிடப் பன்மடங்கு விலை உள்ளவை. எளிதில் கிடைப்பது ஆகாதது, ஆகக்கூடியது எளிதில் கிடைக்காதது என்னும் நிலையில், மார்ஃபின் மட்டுமே உள்ள இடங்களில் வல்லுநர்கள் அதனையே மிகக் குறைந்த அளவில், 2 முதல் 2.5 மில்லிகிராம் எனத் தொடங்குகின்றனர். நேரக் கணக்கில் தராமல் வலி திரும்பும்போது மட்டும், ஆறு அல்லது எட்டு மணி நேரத்திற்குக் குறையாத இடைவெளியில் தருகின்றனர். நெருங்கிய கண்காணிப்பு உள்ள இடத்தில் குறுகிய காலத்திற்கு மட்டுமே இது செல்லும்.

கள்ளக்குறிச்சியும் கல்வராயன் மலையும்

கள்ளக்குறிச்சி மாவட்டம் 2019 நவம்பர் 26 அன்று விழுப்புரம் மாவட்டத்திலிருந்து பிரித்து உருவாக்கப்பட்டது. சிறுவங்கூரில் அமைந்துள்ள அரசு மருத்துவக் கல்லூரி 2022 சனவரி 12 அன்று திறக்கப்பட்டது. இருப்பினும் 2024 கள்ளச்சாராய நிகழ்வில் பாதிக்கப்பட்டோர் பலர் சேலம், முண்டியம்பாக்கம், புதுச்சேரி சிப்மர் மருத்துவமனைகளுக்கும் கொண்டுசெல்லப்பட்டனர். உயர்சிகிச்சைக்கு நெடுந்தொலைவு செல்லவேண்டிய நிலையை அது காட்டியது.

கிழக்குத் தொடர்ச்சி மலைகளின் பகுதியான கல்வராயன் மலை, கள்ளக்குறிச்சி, சேலம் மாவட்டங்களில் பரவியுள்ளது. மலையாளி என்னும் பழங்குடியினர் இங்கு வாழ்கின்றனர். வெள்ளிமலை வட்டத் தலைமையிடமாகும். 2024இல் சென்னை உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து இம்மலை மக்களின் வாழ்க்கை நிலையையும் சாலை முதலிய அடிப்படை வசதிகளையும் ஆராயத் தொடங்கியது.

வாரம் இரண்டு மூன்று முறை, ஒவ்வொரு முறையும் ஏறத்தாழ நான்கு மணி நேரம் டயாலிசிஸ் என்பது மலையூரில் உள்ளவருக்குப் பயணத்தோடு முழு நாளை விழுங்கும். முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம் சிகிச்சைச் செலவை ஏற்கிறது. உடன் வருபவரின் கூலியிழப்பை ஏற்பதில்லை. 2021 ஆகஸ்ட் 5 அன்று தொடங்கப்பட்ட 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டம் இவ்வகையில் முக்கியமானது. வீட்டிலேயே வயிற்றறை டயாலிசிஸ் செய்துகொள்வோருக்கு அதற்கான நீர்ப்பைகளை இல்லத்திற்கே கொண்டு சேர்ப்பதும், நோய் ஆதரவுச் சேவையும் அதன் பணிகளுள் அடங்கும். ஒரே பணியாளர் குழு நீர்ப்பையையும் வலியையும் ஒருங்கே கவனிக்கும் வாய்ப்பு இதில் உள்ளது. வயிற்றறை டயாலிசிஸ் செய்வோருக்கு மலச்சிக்கல் வெறும் தொல்லை மட்டுமன்று. குடல் நிறைந்தால் குழாய் வழியே நீர் வடிவது தடைப்படும். ஆகவே அபினிவகை மருந்து பெறுபவரிடம் 'வலி எப்படி' என்பதுடன் 'மலம் கழிந்ததா' என்பதும் ஒவ்வொரு வருகையிலும் கேட்கவேண்டிய கேள்வியாகிறது.

வாரம் ஒருமுறை மாற்றும் புப்ரெனார்ஃபின் பட்டை இத்தகைய இடங்களுக்கு இயல்பாகவே பொருந்துகிறது: வேளை தவறும் அச்சமில்லை, மருந்துக்காக அடிக்கடி இறங்கிவரத் தேவையில்லை. மலையின் பெரும்பகுதி 2000 முதல் 3000 அடி உயரத்தில் இருப்பதால், மார்கழி, தை மாதங்களில் அடுப்பருகே குளிர்காயும்போது பட்டை ஒட்டிய பக்கம் அனலில் படாதிருக்குமாறு சொல்லித்தர வேண்டும். சாராயத்தைப் பற்றியும் தயக்கமின்றிக் கேட்க வேண்டும். அது குற்றம் சாட்டும் தொனியில் அமைந்தால் விடை கிடைக்காது. விடை கிடைக்காத வீட்டில் பட்டையை ஒட்டுவது பாதுகாப்பானதன்று. எழுப்பினால் எழுகிறாரா, மூச்சு எண்ணிக்கை எவ்வளவு என்று பார்ப்பதை வீட்டில் ஒருவருக்கேனும் செய்துகாட்டி, 108 அவசர ஊர்தி அந்த ஊருக்கு வந்துசேர எவ்வளவு நேரமாகும் என்பதையும் கணக்கில் கொண்டே தொடக்க அளவை முடிவு செய்தல் வேண்டும்.